சும்மா கிடந்த கரை

நானா அந்தப் போட்டோக் கொப்பியை மேசையில் வைத்தபோது நான் பாணும் சம்பலும் தின்றுகொண்டிருந்தேன். கையிலிருந்த துண்டைத் தட்டில் வைத்தேன். அது கண்டக்குழிப் பக்கத்துக் கடற்கரையின் வரைபடம். மூலையில் வடக்கு காட்டும் அம்பு ஒன்று இருந்தது. அம்பின் வாலை நான் எப்போதும் தேவைக்கு மேல் நீட்டித்தான் கீறுவேன். அதற்காகப் பல்கலைக்கழகத்தில் என்னைக் கேலி செய்யாத ஆளில்லை. நான் நிறம் தீட்டிய இடமெல்லாம் கொப்பியில் சாம்பலாகியிருந்தது. கிணறுகளுக்கு வைத்த நீலப் பொட்டுகள் கறுத்துப் போயிருந்தன. கொப்பி எடுத்தவர்கள் என் பெயரும் குறியீட்டு விளக்கமும் இருந்த அடிப்பகுதியை வெட்டிவிட்டார்கள்.

"கம்பனிக்காரங்க குடுத்த பைலில இது இரிக்கி," என்றார் நானா, என் அண்ணன். "இதக் கீறின ஆள், இந்தக் கரை பாவனையில இல்லண்டு எழுதியிரிக்கி. நீ இதப் படிச்ச புள்ள. பாத்துச் சொல்லு."

அவர் என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மதினி குசினி வாசலில் நின்று, "எந்தக் கொழும்பானோ வேனில வந்து, எறங்காமலே கீறிட்டுப் போயிருப்பான். அவன்ட கை..." என்று தொடங்கினா. நானா கையைக் காட்டி நிறுத்தினார்.

"ஆரெண்டு தெரியாம ஏசாத," என்றார்.

"ஓம், பிழையான படம்தான்," என்றேன் நான். அதில் பொய் ஒரு சொல்லும் இல்லை. ஆனால் அதைவிடப் பெரிய கள்ளத்தனத்தை நான் வாழ்க்கையில் செய்ததில்லை.

விஷயம் இதுதான். தோணியில் கொண்டுபோய் வளைத்துப் போட்டு, இரண்டு பக்கமும் ஆட்கள் கரையில் நின்று இழுக்கும் வலைக்குக் கரைவலை என்று பெயர். அதை நினைத்த இடத்தில் இழுக்க முடியாது. அடியில் கல் இருந்தால் வலை கந்தலாகிவிடும். கல்லில்லாத துண்டுக் கரையைப் பாடு என்பார்கள். எங்கள் வாப்பா இழுத்ததும், அவர் மவுத்தான பிறகு நானா இழுத்ததும் கிணத்துப் பாடு. வாடைக் காலத்தில் மேற்குக் கடல் குளம் மாதிரிக் கிடக்கும். அப்போது கரையில் வாடி என்ற ஓலைக் குடிசை போட்டு இருபது முப்பது பேர் அங்கேயே தங்கிவிடுவார்கள். தென்மேற்கிலிருந்து கச்சான் காற்று எழும்பினால் அதே கடலில் கால் வைக்க முடியாது. வாடியைக் கழற்றி, வலையைச் சுருட்டி, தோணியை அலையில்லாத களப்புப் பக்கம் கொண்டுபோய்விடுவார்கள். பிறகு அந்தக் கரையில் ஒரு கயிற்றுத் துண்டைக்கூடக் காண முடியாது.

யுத்தம் முடிந்த பிறகு அந்தக் கச்சானைத் தேடி வெளிநாட்டுக்காரர்கள் வரத் தொடங்கினார்கள். பெரிய பட்டமொன்றை இடுப்பில் கட்டிக்கொண்டு, பலகையில் நின்று அலைமேல் ஓடுவது அவர்களுடைய விளையாட்டு. ஆலங்குடாவில் முதல் விடுதிகள் எழும்பின. எங்களை விரட்டும் காற்றுத்தான் அவர்களைக் கூட்டிக்கொண்டு வந்தது. ஒரு கம்பனி கிணத்துப் பாட்டையும் அதன் இரண்டு பக்கத்தையும் அரசாங்கத்திடம் குத்தகைக்குக் கேட்டிருந்தது. பாவனையில் இல்லாத, ஒருவரும் பயன்படுத்தாத கரை என்றால் கொடுக்கலாம். யுத்த காலத்தில் கடலுக்குப் போகவே கட்டுப்பாடு இருந்ததால் நானாவின் அனுமதிப் பத்திரம் பல வருடம் புதுப்பிக்கப்படாமல் கிடந்தது. அதனால் கடதாசி கதைக்காது. அடுத்த வியாழக்கிழமை அதிகாரி ஒருவர் கரைக்கே வந்து விசாரிப்பார். அந்தக் கரை பாவனையில் இருந்தது என்று காட்டினால் பாடு மிஞ்சும். காட்டாவிட்டால் வேலி வரும்.

"அவங்க கேக்கிறது கச்சானுக்குத்தானே, நாங்க இழுக்கிறது வாடைக்குத்தானே, ரெண்டு பேரும் இருக்கலாமேண்டு சொல்றாங்க," என்றார் நானா. "வேலி, கச்சான் முடிஞ்சா எழும்பிப் போகுமா?"

வியாழக்கிழமை நான்தான் கதைக்க வேண்டும் என்றார். "ஒன்ட பாசையிலதான் அவங்க கதைப்பாங்க." நான் தலையாட்டினேன்.

அந்தப் படத்தை நான் கீறியது அதற்கு இரண்டு வருடம் முன்பு, பட்டப்படிப்பின் கடைசி வருட ஆய்வுக்காக. கற்பிட்டியின் மேற்குக் கரையோர நிலப்பாவனை என்பது தலைப்பு. பல்கலைக்கழக விடுமுறை ஜூலையிலும் ஓகஸ்டிலும்தான் கிடைத்தது. கச்சான் மணலை அள்ளி முகத்தில் எறிய எறிய, கையில் திசையறி கருவியோடும் அளவு நாடாவோடும் கண்டக்குழியில் தொடங்கி எத்தாளைப் பக்கம் வரைக்கும் நடந்தேன். ஒவ்வொரு துண்டு நிலத்துக்கும் ஒரு படிவம். அதில் 'தற்போதைய பாவனை' என்று ஒரு கட்டம். கட்டத்தின் அகலம் என் சுண்டுவிரல் அளவு.

கிணத்துப் பாட்டுக்கு வந்தபோது நானாவிடம் கேட்டேன், ஆய்வாளர் கேட்கிற மாதிரியே.

"இந்தக் கரையின்ட பாவனை என்ன?"

நானா சிரித்துவிட்டு, "இப்ப சும்மாதான் கெடக்கு," என்றார்.

கட்டத்துக்குள் 'பாவனையற்றது' என்று எழுதினேன். நான் வெளியூர்க்காரி இல்லை. அந்தக் கரையில் மீன் பொறுக்கி வளர்ந்தவள். அந்த மணலில் விழுந்து உடைந்த என் முன்பல்லின் பாதி இன்னும் அங்கேதான் கிடக்கும். அப்படியிருந்தும் எழுதினேன். ஏன் என்று பலமுறை என்னையே கேட்டிருக்கிறேன். வெளிக்களத்தில் கண்ணால் கண்டதை மட்டும் பதிய வேண்டும், அறிந்ததைப் பதியக் கூடாது என்று எங்களுக்குப் படிப்பித்திருந்தார்கள். அதைவிட உண்மையான காரணம் பயம். என் ஊர், என் நானா என்று பக்கம் சாய்ந்துவிட்டாள் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது. மற்ற ஊர்க்காரர்களிடம் இரண்டு கேள்வி அதிகமாகக் கேட்டேன். என் வீட்டு ஆளிடம் ஒரு கேள்வியோடு நிறுத்திக்கொண்டேன். அதற்குப் பக்கச்சார்பின்மை என்று பெயர் வைத்து நெஞ்சை நிமிர்த்திக்கொண்டும் திரிந்தேன். அந்த ஆய்வுக்கு முதல் வகுப்புப் புள்ளி கிடைத்தது. அதைக் கொண்டு தற்காலிக உதவி விரிவுரையாளர் வேலையும் கிடைத்தது.

அந்தக் கிழமை நான் ஊருக்கு வந்திருந்தது அடுத்த தவணைக்கு ஒரு பாடம் தயாரிக்கத்தான். புவியியற் சிந்தனையின் வரலாறு. யாருக்கும் பிடிக்காத பாடம் என்பதால் வயதில் குறைந்தவள் தலையில் கட்டிவிட்டார்கள். புவியியல் எப்படி ஒரு படிப்பானது, யார் தொடங்கினார்கள், எங்கே எங்கே தடம் மாறியது என்பதைப் பன்னிரண்டு விரிவுரைகளில் சொல்ல வேண்டும். மற்ற நாட்களில் எனக்குக் கொட்டாவி வந்திருக்கும். அந்தக் கிழமை ஒவ்வொரு பக்கமும் என் காதைப் பிடித்துத் திருகியது.

முதல் விரிவுரை கிரேக்கர்கள். பூமியை எழுதுதல் என்ற அர்த்தத்தில் இந்தப் படிப்புக்குப் பெயர் வைத்தவர் ஒரு நூலகத்துக்குப் பொறுப்பாக இருந்தவர். தெற்கே ஒரு ஊரில், வருடத்தில் ஒரு நாள் உச்சி வெயில் கிணற்றின் அடிவரைக்கும் நேராக விழுகிறது என்று கேள்விப்பட்டார். அதே நாளில் தன் ஊரில் விழும் நிழலை அளந்து, இரண்டையும் வைத்து முழுப் பூமியின் சுற்றளவையும் கணக்குப் போட்டார். அவர் அந்தக் கிணற்றை எட்டிப் பார்த்ததாக யாரும் எழுதி வைக்கவில்லை. பார்த்தவர்கள் சொன்னதை நம்பினார். விடையும் உண்மைக்குக் கிட்டத்தான் வந்தது. இதைக் குறிப்பெடுத்துவிட்டுப் பேனையை மூடி வைத்தேன். நான் நேரில் போய்ப் பார்த்தேன், சொன்னதை நம்பவில்லை. என் விடையோ இங்கே மேசையில் கிடந்தது.

இன்னொரு கிரேக்கர் எங்கள் தீவையே படமாகக் கீறினார். அவரும் இங்கே காலடி வைத்ததாகத் தெரியவில்லை. தீவு இருக்கிற அளவைவிடப் பல மடங்கு பெரிதாகிவிட்டது. அதைப் பார்த்து மாணவர்கள் எல்லோரும் சிரிப்பார்கள், நானும் சிரித்தவள்தான். அரபுக்காரர்கள் வந்து தெற்கை மேலே வைத்து உலகத்தைக் கீறினார்கள். வாப்பாவிடம் ஒருமுறை அந்தப் படத்தைக் காட்டியபோது, "அப்ப நாங்கதான் மேல இரிக்கிறோம்," என்று சந்தோஷப்பட்டார். அதற்குப் பிறகு வந்தவர்களுக்குப் படம் என்பது வரி வாங்கவும் கோட்டை கட்டவும் வேண்டிய சாமான். ஐரோப்பாவில் புவியியலுக்குத் தனித்தனித் துறைகளும் பேராசிரியர் கதிரைகளும் வந்தது அவர்கள் உலகத்தைப் பங்கு போட்டுக்கொண்ட காலத்தோடு. உரிமையாளர் இல்லாத நிலம், வெற்று நிலம் என்று தங்கள் படங்களில் எழுதிவிட்டுத்தான் உள்ளே நுழைந்தார்கள். முன்பு இந்த இடத்தைப் படிக்கும்போது எனக்குக் கோபம் வரும். வகுப்பில் எழும்பி நின்று ஏசியும் இருக்கிறேன். இந்த முறை வாயைத் திறக்க யோக்கியதை இல்லாமல் பக்கத்தைப் புரட்டினேன்.

பிறகு நிலத்துக்கு நிறம் தீட்டும் காலம் வந்தது. வெள்ளைக்காரர்களின் நாட்டில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் படத்தையும் நிறப் பென்சிலையும் எடுத்துக்கொண்டு வயல் வயலாகப் போய், காடென்றால் பச்சை, உழுத நிலமென்றால் மண்ணிறம் என்று தீட்டினார்கள். அந்தப் பழக்கம் கப்பலேறி இங்கேயும் வந்து, எங்கள் துறையின் சுவரில் தொங்கி, கடைசியில் என் கைக்கு வந்து சேர்ந்தது. அந்த நாட்டில் வயல் எழும்பி நடந்து போகாது. ஒரு காற்றுக்கு இருந்து மறு காற்றுக்கு இல்லாமல் போகும் கரைக்கு அவர்களிடம் நிறமும் இருக்கவில்லை. நான் கிணத்துப் பாட்டுக்கு வெளிறிய மஞ்சள் தீட்டியிருந்தேன்.

இப்படியே திங்கள் போனது, செவ்வாய் போனது. ஒவ்வொரு முறை சோற்றில் கை வைக்கும்போதும், இப்போது சொல்லிவிடுகிறேன் என்று மனதுக்குள் தொடங்குவேன். நானா கறியை என் பக்கம் தள்ளிவைப்பார். நான் வாயை மூடிக்கொள்வேன். மதினி தினமும் அந்தக் கொழும்பானை ஏசினா. அவன் விளங்காமல் போகட்டும் என்றா. நான் "ஆமீன்" சொல்லாத குறை.

சொல்லும் வேலையை விட்டுவிட்டு நானாவைத் தயார்ப்படுத்தும் வேலையில் இறங்கினேன். "அதிகாரி கேட்டா, சும்மா கெடக்கெண்டு மட்டும் சொல்லிராதீங்க. பருவகாலப் பாவனை எண்டு சொல்லுங்க."

"பருவ... காலப் பாவனை," என்றார். "இது எந்த ஊர்ப் பாசை?"

"கந்தோர்ப் பாசை. ஆபீசுக்காரங்க எழுதிறது."

"கச்சானுக்குக் கரை சும்மா கெடக்கும். அது உண்மைதானே. உண்மையச் சொன்னா என்ன?"

எனக்கு எரிச்சல் பற்றிக்கொண்டு வந்தது. "நானா, நீங்க சொல்ற சும்மா வேற, அவங்க எழுதிற சும்மா வேற. ஒங்கட வாயால சொன்னா அதோட கத முடிஞ்சி."

"சரி புள்ள, ஏன் கத்துறாய்," என்று மெதுவாகச் சொன்னார். அவர் குரலை உயர்த்தாதது எனக்கு இன்னும் ஆத்திரமாக இருந்தது. யார்மீது ஆத்திரம் என்பது எனக்குத் தெரியும்.

புதன்கிழமை காலையில் என் அறை அலுமாரியைக் கிளறினேன். அடித்தட்டில் பழைய குடைக்கும் பரீட்சைத் தாள்களுக்கும் கீழே வெளிக்களக் கொப்பி கிடந்தது. படிவம் நிரப்புவதற்கு முன்பு கேட்டதைக் கேட்டபடி பென்சிலால் எழுதிக்கொள்ளும் கொப்பி. கிணத்துப் பாட்டுப் பக்கத்தைத் திருப்பினேன். என் கையெழுத்தில் இருந்தது: 'இப்ப சும்மாதான் கெடக்கு. கச்சான் ஓய்ஞ்சா வாடி போடுவம், வலை எறங்கும். கரைக்கும் கொஞ்சம் ஆறத்தானே வேணும்.'

கட்டிலில் இருந்துவிட்டேன். அவர் முழுசாகத்தான் சொல்லியிருக்கிறார். நானும் முழுசாகத்தான் எழுதியிருக்கிறேன். படிவத்துக்கு மாற்றும்போது முதல் வசனத்தை மட்டும் எடுத்து, அதையும் பாவனையற்றது என்று மாற்றியிருக்கிறேன். மிச்சத்துக்குக் கட்டத்தில் இடமில்லை.

துறைத் தலைவருக்குப் போன் எடுத்தேன். நல்ல மனிதர். எனக்கு அந்த வேலை கிடைக்க ஓடித் திரிந்தவர். எல்லாவற்றையும் கேட்டார்.

"அது நீங்கள் மாணவியா இருக்கேக்க கீறின படம். அதைக் கம்பனி நூலகத்தில எடுத்துப் பாவிச்சால் நீங்கள் என்ன செய்யிறது? பேசாமல் இருங்கோ."

"என்னட்ட கொப்பி இருக்கு சேர். அதைக் குடுத்தா அந்தப் படம் நிக்காது."

"படம் மட்டுமே? உங்கட ஆய்வும் நிக்காது. தரவைப் பாதியில வெட்டினன் எண்டு நீங்களே எழுதிக் குடுத்தால், அதுக்குப் புள்ளி போட்ட நாங்கள் என்ன சொல்லுறது? நிரந்தர நியமனத்துக்கான நேர்முகம் அடுத்த மாதம். யோசிச்சுச் செய்யுங்கோ, பிள்ளை."

யோசித்தேன். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், நானாவின் பாட்டை நினைத்ததைவிட அந்த நேர்முகத்தைத்தான் அதிகம் நினைத்தேன். கொப்பியைத் திரும்ப அலுமாரிக்குள் வைத்தேன். பிறகு எடுத்துக் கைப்பைக்குள் போட்டேன். ஆனால் கொடுப்பதாக முடிவெடுக்கவில்லை.

வியாழக்கிழமை கச்சான் முழு மூச்சில் அடித்தது. கடதாசிகள் பறக்காமல் இருக்க அதிகாரி பைலை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தார். சிலாபம் பக்கத்துச் சிங்களவர், தமிழ் நன்றாகக் கதைத்தார். கம்பனியிலிருந்து மரியாதையான ஒரு இளைஞர் வந்திருந்தார். சப்பாத்துக்குள் மணல் போய் நொண்டிக்கொண்டிருந்தார். பாட்டில் வலை இழுக்கும் ஆட்கள் பத்துப் பேர் ஒரு பக்கமாகக் கைகட்டி நின்றார்கள். தூரத்தில் இரண்டு பட்டங்கள் மேலே ஏறி இறங்கின. கரையில் வேறு ஒன்றும் இல்லை. வாடிக் கம்பு நட்ட குழிகூட மூடுண்டு போயிருந்தது. இரண்டு வருடம் முன்பு நான் கண்ட அதே வெறும் மணல்.

அதிகாரி படத்தை விரித்துப் பார்த்தார். பிறகு நானாவைப் பார்த்தார். எங்கள் பக்கத்துச் சிங்களவர்கள் முஸ்லிம் ஆண்களைக் கூப்பிடுகிற மாதிரியே அவரும் கூப்பிட்டார்.

"நானா, இப்ப இந்த எடத்தில என்ன நடக்குது?"

நானா கடலைப் பார்த்தார். பருவகாலப் பாவனை, பருவகாலப் பாவனை என்று என் உதடு எனக்குத் தெரியாமலே அசைந்தது. அவர் என் பக்கம் திரும்பவேயில்லை.

"சும்மாதான் கெடக்கு, சேர்," என்றார்.

இளைஞர் குறிப்பெடுத்தார். அதிகாரி சிங்களத்தில், "நிகங் தியெனவா," என்று முணுமுணுத்துக்கொண்டு பேனையைத் திறந்தார். அவருடைய பாஷையிலும் அதே அர்த்தம்தான். பாட்டு ஆட்களில் ஒருவர் தலையில் கை வைத்துக்கொண்டு மணலில் குந்திவிட்டார். நானா நின்ற இடத்தில் நின்றார். கேட்டதற்குச் சரியான விடை சொல்லிவிட்ட மனிதருடைய முகம் அவருக்கு. அதைப் பார்த்ததும் எனக்குள் என்னவோ உடைந்தது.

"சேர், அவர் இன்னும் சொல்லி முடிக்கல்ல," என்றேன். என் குரல் எனக்கே அந்நியமாக இருந்தது. கொப்பியை எடுத்தேன். "இந்தப் படத்தைக் கீறினது நான். நான் இவர்ட தங்கச்சி. இவர் சொன்னதில பாதியை நான் எழுதாம விட்டிட்டன். முழுக்க இதில இருக்கு."

வாசித்தேன். காற்று சொல்லைச் சொல்லாகப் பிடுங்கிக்கொண்டு போனது. கரைக்கும் கொஞ்சம் ஆறத்தானே வேணும் என்ற வரியைக் காற்றுக்கு மேலாகக் கத்தி வாசித்தேன். நானாவைப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

இளைஞர் கொப்பியைப் பணிவாக வாங்கிப் பார்த்தார். "மிஸ், கோவிக்காதீங்க. பென்சில் எழுத்துத்தானே. நேத்தும் எழுதியிருக்கலாம். நீங்க இவரோட சொந்தத் தங்கச்சி வேற."

அவர் சொன்னது நியாயம். அவருடைய இடத்தில் நான் நின்றால் நானும் அதைத்தான் சொல்லியிருப்பேன். அதிகாரி கொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு என்னிடம் நீட்டினார். வேலையும் போனது, பாடும் போனது என்று நினைத்தேன்.

"சேர், அந்தப் படத்தைக் கொஞ்சம் தாங்க," என்றார் நானா. வாங்கி, விரலை ஒரு இடத்தில் வைத்தார். "இதில ஒரு கறுப்புப் பொட்டு இரிக்கி. இது என்னண்டு கீறின ஆளுக்கிட்டக் கேளுங்க."

அதிகாரி என்னைப் பார்த்தார். நான் குனிந்து பார்த்தேன்.

"கிணறு," என்றேன்.

"ஒண்டும் நடக்காத கரையில ஆருக்கு சேர் கெணறு?"

"இங்க கிணறு ஒண்டும் இல்லயே," என்றார் இளைஞர் சுற்றிப் பார்த்து. உண்மையாகவே ஒன்றும் தெரியவில்லை. கச்சானுக்கு வாடியைக் கழற்றும்போது, மணல் விழுந்து தூர்ந்து போகாமல் கிணற்றின் வாயைப் பலகையாலும் தென்னோலைக் கிடுகாலும் மூடிவிட்டுப் போவார்கள். இரண்டு கிழமைக்குள் மேலே மணல் ஏறிவிடும். அப்போதுதான் எனக்கு உறைத்தது. இரண்டு வருடம் முன்பு நான் நடந்தபோதும் அது மூடித்தான் கிடந்திருக்கும். கண்ணால் கண்டதை மட்டும் பதிவேன் என்று நின்ற நான் அந்தக் கிணற்றைக் காணவில்லை. காணாமலே பொட்டு வைத்திருக்கிறேன். வைத்தது எனக்கு ஞாபகம்கூட இல்லை.

"பொறுங்க, படத்தின்படி பாப்பம்," என்றார் அதிகாரி. மேட்டில் இருந்த நில அளவைக் கல்லிலிருந்து பொட்டு வரைக்கும் அடிமட்டம் வைத்து அளந்தார். என்னிடம் படத்தின் அளவுத்திட்டம் கேட்டார். குறிப்பெழுதக் கூட வந்த லிகிதர் நாடாவைப் பிடித்துக்கொண்டு நடந்தார். அவர் நின்ற இடத்தில் மணலைத் தவிர எதுவும் இல்லை. பொட்டு வைத்த இடத்தில் நான் பிழை விட்டிருந்தால்?

நானா மட்டும் நிதானமாகப் போய், லிகிதருக்குத் தெற்கே இரண்டு எட்டு வைத்து முழங்காலில் இருந்தார். "ரெண்டு எட்டுப் பிழ," என்று சொல்லிக்கொண்டு கையால் மணலை வாரத் தொடங்கினார். பாட்டு ஆட்களும் ஓடிவந்து குனிந்தார்கள். முழங்கை ஆழத்தில் கிடுகு வந்தது. கிடுகுக்குக் கீழே உப்பில் வெளுத்த பலகை மூன்று. பலகையைத் தூக்கியதும் ஈரக் குளிர் மேலே வந்தது. உள்ளே தண்ணீர் கறுப்பாக, அசையாமல் கிடந்தது. நானா கையை விட்டு அள்ளி அதிகாரியிடம் நீட்டினார். அவர் தன் கையில் வாங்கி, வாயில் வைத்துப் பார்த்தார்.

"நல்ல தண்ணி," என்றார். பிறகு இளைஞரிடம், "இத நேத்து வெட்டினதெண்டு சொல்லுவீங்களா?" என்று கேட்டார்.

படிவம் அவரிடமும் இருந்தது. பாவனை என்ற கட்டமும் இருந்தது, அதே சுண்டுவிரல் அகலத்தில். தமிழில் நீங்களே எழுதுங்கள் என்று பேனையைத் தந்தார். நானா சொன்ன மூன்று வசனத்தையும் எழுதினேன். கட்டத்தைத் தாண்டி, கோட்டைத் தாண்டி, ஓரம் வரைக்கும் போய்விட்டது. அவர் அதற்குக் கீழே கையொப்பம் வைத்தார்.

கிணத்துப் பாட்டை விட்டுவிட்டுத்தான் குத்தகை கொடுப்பார்கள் என்று சில மாதத்தில் கடிதம் வந்தது. துறைக்கு நான் அந்தக் கிழமையே ஒரு கடிதம் எழுதியிருந்தேன், கொப்பியின் பிரதியோடு. நேர்முகத்துக்குக் கூப்பிடவில்லை. ஒப்பந்தம் முடிந்ததும் வீட்டுக்கு வந்தேன். இப்போது உயர்தர வகுப்புக்குப் புவியியல் படிப்பிக்கிறேன். கவலையே இல்லை என்று சொன்னால் அது பொய். அந்தப் பன்னிரண்டு விரிவுரைகளின் குறிப்பும் இன்னும் அலுமாரியில் கிடக்கிறது.

அன்றைக்குக் கரையிலிருந்து திரும்பும்போது நானாவும் நானும் தனியாகத்தான் நடந்தோம். என்னை ஏசுவார் என்று காத்திருந்தேன். ஏசினால் நல்லது என்றும் இருந்தது. அவர் ஏசவில்லை. கடைசியில் நான்தான் கேட்டேன்.

"அந்தப் போட்டோக் கொப்பியில பொட்டுக்கு விளக்கம் ஒண்டும் இல்லயே நானா. அந்தப் பொட்டு கெணறெண்டு எப்படித் தெரியும்?"

"கச்சானுக்கு அந்தக் கெணறு அதில இரிக்கெண்டு நம்மட ஆக்களத் தவிர ஆருக்குத் தெரியும்? நம்மட ஆக்கள்ல படம் கீறுறது ஆரு?" என்றார்.

நான் நின்றுவிட்டேன். அவரும் நின்று, சாரத்தில் ஒட்டியிருந்த ஈர மணலைத் தட்டினார்.

"அப்ப, படத்தைக் கொண்டுவந்த அண்டைக்கே ஒங்களுக்குத் தெரியும். ஏன் என்னட்டக் கேக்கல்ல?"

"நீயே சொல்லுவாய்தானே," என்றார். "அதுவரைக்கும் சும்மா இருந்தன்."